சித்திரை கழிய உடம்பு சொல்லத் தொடங்கும்

வருடப்பிறப்பு முடிந்து சோளகக் காற்று எழும்பும் நாட்களில் வன்னியில் பலருக்கு நித்திரை குறையும். "ஏனெண்டு தெரியேல்லை, நெஞ்சு பதறுது." "தலை விறைச்சுப்போய்க் கிடக்கு." "உடம்பெல்லாம் உளைவு." ஆஸ்பத்திரியில் பிரஷர் பார்ப்பார்கள், சீனி பார்ப்பார்கள், இரண்டும் சரியாக இருக்கும். பனடோலும் விற்றமினும் கையில் வரும். கலண்டரை மட்டும் ஒருவரும் பார்ப்பதில்லை. இறுதிப் போரில், 2009 ஜனவரி 2 இல் கிளிநொச்சி இராணுவத்திடம் விழுந்ததிலிருந்து போர் முடிந்த மே 18 வரைக்கும் இரணைப்பாலை, மாத்தளன், பொக்கணை, முள்ளிவாய்க்கால், வட்டுவாகல் பாலம் என்று சனம் நடந்த பாதை உடம்பில் திகதியோடு பதிந்து கிடக்கிறது. ஏ9 கார்ப்பெட் ரோட்டாகி, 2013 செப்டெம்பரில் யாழ்தேவி ரயில் கிளிநொச்சிக்கு வந்து, வங்கிகளும் கண்ணாடிக் கடைகளும் எழும்பிய பிறகும் அந்தத் திகதிகள் அழியவில்லை.

இது வைத்தியர்களுக்கு எழுதுவதல்ல. ஒரே வளவில் இருக்கும் பிள்ளைகளுக்கும், பக்கத்து வீட்டாருக்கும், ஆசிரியர்களுக்கும், கிராமத்தில் வேலை செய்யும் உளசமூகப் பணியாளர்களுக்கும் எழுதுவது. இரண்டு அறிவுரைகளை நாங்கள் விடவேண்டும். ஒன்று, "பழசை மறந்துபோட்டு இருக்கிற வேலையைப் பார்." மற்றது, "எல்லாத்தையும் சொல்லி அழுதுவிடு, பாரம் குறையும்." முதலாவது ஏன் பிழை என்று இங்கே எவருக்கும் சொல்லத் தேவையில்லை. இரண்டாவது அன்போடு செய்யப்படுவதால் இன்னும் கூடுதலாகக் காயப்படுத்துகிறது. நடந்ததை ஒரே இருப்பில் தோண்டிக் கேட்பதைப் பேரிடர்களுக்குப் பிறகு செய்யவேண்டாம் என்று உலக சுகாதார நிறுவனமே சொல்கிறது. ஆராய்ச்சிக்காரர், பத்திரிகைக்காரர், நிறுவனக்காரர் என்று ஒருவர் பின் ஒருவராக வந்து கேட்டு, எழுதிக்கொண்டு போன பிறகு, பதில் சொன்ன அம்மா இரவு முழுக்கத் திண்ணையில் இருந்ததை அவர்கள் காணமாட்டார்கள். நினைவுக்கு ஒரு நேரமும் ஓர் இடமும் கூட ஓர் ஆளும் வேண்டும். நாங்கள் அதைக் கொடுக்காவிட்டால், அது குசினியிலும் வகுப்பறையிலும் பஸ்ஸிலும் தானாக நேரம் பார்த்து வரும்.

வரும்போது எப்படி இருக்கும்? கதைத்துக்கொண்டிருந்தவர் நடுவில் நிறுத்துவார். கண் ஒரே இடத்தில் குத்திட்டு நிற்கும். மூச்சு மேல் நெஞ்சில் மட்டும் வெட்டி வெட்டிப் போகும், விரல் விறைக்கும், உள்ளங்கை வேர்க்கும். சிலர் கதவுப் பக்கம் பார்த்தபடி எழும்புவார்கள், சிலர் குந்தி இருந்து தலையைக் கையால் மூடுவார்கள். கூப்பிட்டால் கேட்காது. அந்த நேரத்தில் அவர் மாத்தளனிலோ பொக்கணையிலோ நிற்கிறார்.

முன்னுக்குப் போய் நிற்காதீர்கள், வாசலையும் மறிக்காதீர்கள். பக்கவாட்டில், அவர் இருக்கும் உயரத்திலேயே இருங்கள். பின்னால் வந்து தோளில் கை வைக்கவே கூடாது. முறை சொல்லி, பதறாத குரலில் இடத்தையும் நாளையும் சொல்லுங்கள்: "அக்கா, இது உங்கட வீட்டு விறாந்தை. இண்டைக்குச் செவ்வாய்க்கிழமை. நான் பக்கத்து வளவு ராசாத்தியக்கான்ர மகள்." மூன்று நான்கு தரம் அதையே சொல்லலாம். பாதம் இரண்டையும் நிலத்தில் ஊன்றச் சொல்லுங்கள். மண்ணோ சீமெந்தோ, குளிர் தெரியவேண்டும். கையில் தண்ணீர்ச் செம்பைக் கொடுத்துப் பிடிக்கவிடுங்கள், குடிக்க அவசரமில்லை. பிறகு கண்ணுக்கு முன்னால் இருப்பவற்றை ஒவ்வொன்றாகச் சொல்லவையுங்கள். கிணற்றுக்கட்டு, கொடியில் காயும் சீலை, சைக்கிள், மாமரம், கோழி. ஐந்து போதும். மூச்சு அதற்குப் பிறகுதான். நான்கு எண்ணி உள்ளே, ஆறு எண்ணி வெளியே, பத்துத் தரம். வெளிமூச்சு நீளமாக இருப்பதுதான் நெஞ்சுப் படபடப்பைக் குறைக்கும்.

இதில் பிழைக்கும் இடங்கள் எல்லாருக்கும் பொதுவானவை. "கண்ணை மூடிக்கொண்டு மூச்சை இழுங்கோ" என்பார்கள். கண்ணை மூடினால் படம் இன்னும் தெளிவாகும், ஆகவே கண் திறந்தபடியே செய்யவேண்டும். "நல்லா இழுங்கோ, இன்னும் இழுங்கோ" என்றால் கரியமிலவாயு அளவுக்கு மிஞ்சிக் குறைந்து, தலை சுற்றி, விரலும் உதடும் விறைக்கும். அதைக் கண்டு பயம் இன்னும் கூடும். முகத்தில் தண்ணீர் அடிப்பது நல்லெண்ணத்தில் செய்வதுதான், ஆனால் தப்பி வரும்போது நந்திக்கடல் களப்பைக் கழுத்தளவு தண்ணீரில் கடந்தவருக்கு அது வேறொன்று. ஊர் கூடி நின்று பார்ப்பதும் கூடாது. ஒருவர் இருக்க, மற்றவர்கள் படலைக்கு வெளியே போகவேண்டும். பதினைந்து, இருபது நிமிடத்தில் ஆள் திரும்பி வருவார். வந்தவுடன் "என்ன கண்டனீங்கள்?" என்று கேட்காதீர்கள். சீனி போட்ட தேத்தண்ணி ஒன்று, கால் முகம் கழுவ நேரம், அவ்வளவுதான். நெஞ்சு நடுவில் பாறாங்கல்லாக அழுத்தி, இடது கைக்கோ தாடைக்கோ நோ பரவி, குளிர்ந்து வேர்த்தால் இதெல்லாம் செய்துகொண்டிராமல் 1990 அம்புலன்சுக்குப் போன் அடியுங்கள். பதற்றம் என்று நினைத்து மாரடைப்பை விட்டுவிடக் கூடாது.

மூச்சுப் பயிற்சியைப் பதறும் நேரத்தில் முதல்முதலாகப் பழக்கமுடியாது. சும்மா இருக்கும் பின்னேரங்களில் பழகவேண்டும். வடக்கில் போர் உளவியலைப் பல ஆண்டுகள் கண்டு எழுதிய யாழ்ப்பாண மருத்துவபீடப் பேராசிரியர் தயா சோமசுந்தரம், சனம் தன்னிடம் வைத்திருக்கும் முறைகளையே எடுத்துப் பாவிக்கச் சொன்னவர். சைவக்காரருக்கு ஓம், கத்தோலிக்கருக்குச் செபமாலை, முஸ்லிம்களுக்குத் திக்ர். ஒரு சொல்லைத் திருப்பித் திருப்பிச் சொல்லும்போது மூச்சு தானாக ஒழுங்குக்கு வரும். அன்னியமான பெயர் வைத்த பயிற்சியை விட இது நிற்கும். இந்த நோவைத் தனி ஆளின் வருத்தமாக மட்டும் பார்க்காமல் குடும்பத்துக்கும் ஊருக்கும் பட்ட கூட்டு மனவடுவாகப் பார்க்கவேண்டும் என்று சொன்னவரும் அவர்தான். பூசாரியிடம் நூல் கட்டப் போகிறார்கள் என்றால் மறிக்காதீர்கள். அடிப்பது, பட்டினி போடுவது, கிளினிக் குளிசையை நிற்பாட்டுவது என்று வந்தால் மட்டும் குறுக்கே நில்லுங்கள்.

தலையிடிக்குப் பனடோல் போடுபவர்கள் கவனிக்கவேண்டியது: 500 மில்லிகிராம் குளிசை ஒரு நாளைக்கு எட்டுக்கு மேல் போனால் ஈரல் கெடும். மாதத்தில் பாதி நாள் போட்டுக்கொண்டிருந்தால் அந்தக் குளிசையே தலையிடியைக் கொண்டுவரும். உடம்புக்குள் எறிகணைச் செல் துண்டோடு வாழ்பவர்கள் எம்ஆர்ஐ ஸ்கேனுக்கு எழுதினால் முதலில் அதைச் சொல்லவேண்டும். காயம் ஆறி வெளியே தெரியாதபடியால் கேட்பவரும் மறப்பார், சொல்பவரும் மறப்பார்.

வீடுகள் பற்றிக் கொஞ்சம். மீள்குடியேற்றத்தின்போது 550,000 ரூபாய் இந்திய வீட்டுத் திட்டத்தில் கட்டியவர்களும், அதற்குமுன் தரப்பாளிலும் தகரத்திலும் இருந்தவர்களும் சொல்வது ஒன்றுதான்: கூரைச் சத்தம். தகரத்தில் மாம்பிஞ்சு விழுந்தாலும், பனம்பழம் விழுந்தாலும், காற்றுக்கு நுனி அடித்தாலும் அது செல் தெறிக்கும் சத்தம். ஆணி கழன்று துள்ளும் தகரத்துக்கு ரப்பர் வளையம் வைத்த ஜே ஊக்குப் போட்டு இறுக்கினால் பாதிச் சத்தம் போகும். தகரத்துக்கு மேலே கிடுகு பரப்பி, குறுக்குத் தடி வைத்துக் கட்டினால் மழைச் சத்தமும் அடங்கும், வெக்கையும் குறையும். கீழே கட்டாதீர்கள், எலி குடியேறும். ஒன்று, இரண்டு வருடத்துக்கொருக்கால் மாற்றவேண்டும். கட்டிலைக் கதவு தெரியும்படி, தலை சுவர்ப் பக்கமாகப் போடுங்கள். கதவு பார்க்காமல் படுக்கமுடியாதவர்கள் நிறையப்பேர் இருக்கிறார்கள், வெட்கத்தில் சொல்லமாட்டார்கள்.

கோயில் திருவிழா வெடிக்கும் இதே கதைதான். வெடி வேண்டாம் என்று சொல்லிச் சண்டை பிடிக்கத் தேவையில்லை. "எட்டு மணிக்குப் பூசை முடிய வெடி கொளுத்தப்படும்" என்று ஒலிபெருக்கியில் முதல் நாளும் அரை மணி முந்தியும் சொல்லும்படி பரிபாலன சபையைக் கேளுங்கள். எதிர்பார்த்திருக்கும் சத்தம் உடம்பைத் தூக்கிப்போடாது. தெரியாமல் வரும் சத்தம்தான் போடும்.

மண் வெட்டும் வேலை கட்டிடம் எழும்பும் ஊரில் ஒவ்வொரு நாளும் நடக்கும். அத்திவாரம், மலசலகூடக் குழி, தண்ணீர்க் குழாய். 2023 ஜூனில் கொக்குத்தொடுவாயில் தண்ணீர்க் குழாய்க்கு வெட்டிய இடத்தில்தான் மனிதப் புதைகுழி வெளிவந்தது. எலும்போ, துணியோ, இரும்போ தட்டுப்பட்டால் மண்வெட்டியை அந்த இடத்திலேயே விடுங்கள். எடுத்துப் பார்க்கவேண்டாம், திருப்பி மூடவும் வேண்டாம். வந்த காலடியிலேயே பின்வாங்கி, தூரத்தில் தடி நட்டுத் துணி கட்டி, கிராம சேவையாளருக்கும் பொலிசுக்கும் சொல்லுங்கள். எலும்பென்றால் நீதவான் வரும்வரை ஒன்றும் அசையக்கூடாது. ஒரு சேட்டுத் துண்டு எங்கே, எந்தப் பக்கம் பார்த்துக் கிடந்தது என்பதில் ஒரு குடும்பத்தின் பதில் இருக்கலாம். கண்ணிவெடி அகற்றித் துப்புரவு செய்யாத காணியில் குப்பையைக் கொளுத்தாதீர்கள். மண்ணுக்குள் கிடக்கும் வெடிபொருளுக்கு அந்தச் சூடு போதும். துப்புரவு செய்து முடிந்த இடத்தில் மட்டும் கொளுத்துங்கள், பிளாஸ்ரிக்கைச் சேர்க்காமல். எரியும் பிளாஸ்ரிக் மணமே பலரைத் தரப்பாள் எரிந்த நாளுக்குக் கொண்டுபோய்விடும்.

காணாமல் ஆக்கப்பட்டவர்களின் வீட்டில் பேசும்போது வினைச்சொல்லைப் பார்த்துப் பேசுங்கள். "உங்கட மகன் நல்லாப் படிச்சவர் என்ன?" என்றால் அந்தத் தாய்க்கு அது செத்தவரைப் பற்றிய பேச்சாகக் கேட்கும். "மகனுக்கு இப்ப எத்தினை வயசு?" என்று கேளுங்கள். கிளிநொச்சிக் கந்தசுவாமி கோயிலடியில் 2017 பெப்ரவரி 20 இல் காணாமல் ஆக்கப்பட்டவர்களின் உறவுகளின் போராட்டம் தொடங்கியபோது கொண்டுவந்த படத்தில் இருபது வயதுப் பிள்ளை, இன்று தாயின் கணக்கில் நாற்பதை நெருங்குகிறான். அந்தக் கணக்கை அவர் வைத்திருக்கிறார். திவசம் செய்யுங்கோ, ஆடி அமாவாசைக்குப் போங்கோ என்று நாங்கள் சொல்லக்கூடாது. பொட்டு வைப்பதும் விடுவதும் அந்தப் பெண்ணின் முடிவு. மரணச் சான்றிதழ் எடுக்க விரும்பாதவர்களுக்காக 2016 சட்டத்தோடு காணாமற்போனமைக்கான சான்றிதழ் வந்திருக்கிறது; வங்கி, காணி, பிள்ளையின் பள்ளிக்கூட அலுவல்களுக்கு அதைப் பாவிக்கலாம். எடுக்கச் சொல்லி நெருக்கவும் வேண்டாம், எடுத்தவரைக் குறைசொல்லவும் வேண்டாம்.

படங்கள் பற்றி விரிவாகச் சொல்லவேண்டும், ஏனென்றால் இங்கே பல குடும்பங்களிடம் மிஞ்சியது ஒரே ஒரு படம். அடையாள அட்டைப் படமாக இருக்கும், பள்ளிக்கூடக் குழுப் படத்தில் வெட்டி எடுத்த முகமாக இருக்கும். முதல் பிழை, அந்த மூலப் படத்தையே லமினேற் பண்ணுவது. சூட்டில் ஒட்டிய பிளாஸ்ரிக்கைத் திரும்பக் கழற்றமுடியாது, உள்ளே ஈரம் அடைபட்டால் படம் மஞ்சளித்துப் புள்ளி விழும். மூலப் படத்தை ஸ்கேன் பண்ணி, பிரதியைத்தான் லமினேற் பண்ணவேண்டும். ஸ்கேன் கடையில் 600 டிபிஐ என்று கேட்டு எடுங்கள்; சின்னப் படத்தைப் பெரிதாக்க அதற்குக் குறைந்தால் முகம் உடையும். போனில் எடுப்பதென்றால் காலை நிழலில், பிளாஷ் இல்லாமல், படத்துக்கு நேர் மேலே பிடித்து, சாயாமல் எடுங்கள். கண்ணாடிச் சட்டத்தில் ஒட்டிப்போன படத்தை உரிக்காதீர்கள், முகம் கண்ணாடியோடு போய்விடும். கண்ணாடியோடு சேர்த்தே எடுங்கள். வெள்ளத்தில் நனைந்தது என்றால், 2018 டிசம்பரில் இரணைமடுக் குளத்தின் கதவுகள் திறந்தபோது பல வீடுகளில் நடந்ததுபோல, சுத்தமான தண்ணீரில் மெதுவாக அலசி, முகம் மேலே பார்க்க, நிழலில் துணியின் மேல் காயவிடுங்கள். ஒட்டியிருப்பவற்றைக் காய்ந்தபின் பிரிக்கவே வேண்டாம். தண்ணீருக்குள் வைத்தே பிரியுமா என்று பாருங்கள். பின்பக்கத்தில் பேனை பாவிக்காமல், மெல்லிய பென்சிலால் பெயர், ஊர், எடுத்த ஆண்டு எழுதுங்கள். ஒரு பிரதி வீட்டில், ஒன்று வேறு ஊரில் இருக்கும் உறவிடம், ஒன்று போனிலோ பென்டிரைவிலோ. மாரிக்கு முந்தி காணி உறுதி, பிறப்புச் சான்றிதழ், முறைப்பாட்டுக் கடிதங்களோடு இதையும் ஒரு தடித்த பொலித்தீன் பையில் கட்டி வையுங்கள். வெள்ளம் வந்து "வெளிக்கிடுங்கோ" என்று கத்தும்போது பை கட்டித் தயாராக இருந்தால் கைநடுக்கம் குறைவு. அந்தச் சொல்லை இந்தச் சனம் எத்தனை தரம் கேட்டிருக்கிறது.

இனி முள்ளிவாய்க்கால் கஞ்சி. போரின் கடைசி நாட்களை நினைத்து மே 12 தொடக்கம் 18 வரை வீதியோரங்களிலும் கோயில் முன்றல்களிலும் காய்ச்சுவார்கள். பாலும் பயறும் சேர்க்காமல் அரிசி, தண்ணீர், உப்பு மட்டும், ஏனென்றால் அன்றைக்கு அதுதான் இருந்தது. 250 பேருக்கு சிவப்புப் பச்சையரிசி 5 கிலோ, தண்ணீர் 60 லீற்றர், கல்லுப்பு 300 கிராம். ஆளுக்கு 200 மில்லிலீற்றர் வரும். கிடாரம் 80 லீற்றருக்குக் குறையக்கூடாது, பொங்கி அடுப்பை அணைத்துவிடும். அரிசியைக் கல் அரித்து ஒரு மணி நேரம் ஊறவிடுங்கள். தண்ணீர் கொதிக்கவே நல்ல விறகில் ஒரு மணி நேரம் எடுக்கும்; அரிசி போட்டபின் இன்னும் முக்கால் மணி. அரிசி போட்ட முதல் பத்து நிமிடமும் துடுப்பால் அடியைத் தொட்டுக் கிண்டாவிட்டால் அடிப்பிடிக்கும், அடிப்பிடித்த மணம் கிடாரம் முழுக்க ஏறும். உப்பில் பாதியை இறக்கும்போது போட்டு, ருசி பார்த்து மீதி. சனம் வரப் பிந்தினால் கஞ்சி களியாகும். பக்கத்து அடுப்பில் 10 லீற்றர் சுடுதண்ணீர் வைத்திருங்கள். பிள்ளைகளுக்குக் கொடுக்கமுன் கால் மணி ஆறவிடுங்கள்.

சிரட்டையில் கொடுப்பதென்றால் கண் இல்லாத பாதியைத்தான் எடுக்கவேண்டும், கண் உள்ள பாதி ஒழுகும். அதனால் ஒரு தேங்காய்க்கு ஒரு சிரட்டைதான் தேறும். சித்திரையிலேயே வீடு வீடாகச் சேர்க்கத் தொடங்குங்கள். தும்பு சுரண்டி, இரவு முழுக்க ஊறவிட்டுக் கழுவினால் கசறு போகும்.

ஆனால் அந்த மணத்தைத் தாங்காதவர்கள் இருக்கிறார்கள். கஞ்சி வரிசையில் நின்றபோது செல் விழுந்து பிள்ளையைப் பறிகொடுத்தவருக்கு அந்தச் சிரட்டையைக் கையில் திணிக்கக்கூடாது. சோளகம் தென்மேற்கிலிருந்து அடிக்கும். ஆகவே அடுப்பை வளவின் வடகிழக்கு மூலையில் மூட்டி, கதிரைகளைத் தென்மேற்கில் போடுங்கள். அங்கே தண்ணீரும் வெறுந்தேத்தண்ணியும் வையுங்கள். குடிக்காமல் விளக்கு மட்டும் கொளுத்துவதும் நினைவுகூரல்தான். முகம் விழும்படி படம் எடுக்கவேண்டாம் என்று தொடக்கத்திலேயே சொல்லுங்கள். 2024 இல் சம்பூரில் கஞ்சி காய்ச்சிய பெண்கள் கைதானதற்குப் பிறகு அந்தப் பயம் வெறும் பயமில்லை. பிள்ளைகள் "ஏன் உப்பு மட்டும்?" என்று கேட்பார்கள். "அப்ப வேறொண்டும் கிடைக்கேல்லை, இருந்ததை எல்லாரும் பகிர்ந்து குடிச்சம்" என்ற அளவு சின்னப் பிள்ளைக்குப் போதும். எப்படிச் செத்தார்கள் என்பதைப் பிள்ளை கேட்கும் வயதில், கேட்கும் அளவுக்குச் சொல்லுங்கள். இதே வைகாசியில்தான் நந்திக்கடல் கரையிலுள்ள வற்றாப்பளையில் கண்ணகை அம்மனுக்கு உப்புநீரில் விளக்கெரிப்பார்கள். நந்திக்கடல் என்றால் அதுவும்தான் என்று பிள்ளைக்குத் தெரியட்டும்.

18 முடிந்த கிழமைதான் எங்களுக்குப் பயமான கிழமை. சனம் கலைந்து, கொடிகள் கழன்று, வீடு அமைதியாகும். குடி கூடும். "இனி என்னத்துக்கு" என்ற கதை வந்தால் சுற்றிவளைக்காமல் கேளுங்கள்: "சாகவேணும் எண்டு நினைக்கிறியளோ அக்கா?" கேட்பதால் அந்த எண்ணம் புதிதாக வராது. ஆம் என்றால் தனியே விடாதீர்கள், மனநல உதவி இலக்கம் 1926 க்கு எடுங்கள், இரவிலும் எடுக்கலாம். வயலுக்கு வாங்கிய மருந்துப் போத்தலை அன்றைக்கே வேறு வீட்டுக்குக் கொண்டுபோங்கள். இலங்கையில் கொடிய பூச்சிமருந்துகளையும் களைநாசினிகளையும் தடைசெய்தபோது தற்கொலைச் சாவுகள் குறைந்தன. அந்த நிமிடத்தில் கைக்கெட்டாமல் இருப்பதே பல உயிரைக் காக்கும்.

19 காலையில் கிடாரம் கழுவி முடிய, முதல் நாள் வராதவர்கள் யார் என்று கணக்குப் பாருங்கள். படலை திறக்காத வீடுகள் இரண்டு மூன்று இருக்கும். ஒருவராகப் போங்கள், பதினொரு மணிக்கு முந்தி. "ஏன் வரேல்லை?" என்று கேட்காதீர்கள். முருங்கையிலை ஒரு பிடி கொண்டுபோய், "அக்கா, கனக்க முறிஞ்சுபோச்சு, சுண்டுங்கோ" என்று கொடுத்துவிட்டு, இருக்கச் சொன்னால் இருங்கள்.